கிரீன் பே பேக்கர்ஸின் தலைமைப் பயிற்சியாளர்கள்: லொம்பார்டிக்குப் பின் வந்த 24 ஆண்டுகள் ஏன் வீணாயின?

பனிவயல் எழுதியது:

அமெரிக்கக் கால்பந்து லீக்கான என்எஃப்எல்லில் ஆடும் கிரீன் பே பேக்கர்ஸ் அணியின் வரலாற்றைப் படிக்கிறவர் எவரும் நடுவில் ஒரு பெரிய பள்ளத்தைக் கடந்தே ஆக வேண்டும். 1967ஆம் ஆண்டுப் பருவம் முடிந்து வின்ஸ் லொம்பார்டி தலைமைப் பயிற்சியாளர் பொறுப்பிலிருந்து விலகியபோது, அந்த அணி ஏழு ஆண்டுகளில் ஐந்து சாம்பியன் பட்டங்களை வென்றிருந்தது. அதன் பிறகு 1968 முதல் 1991 வரையிலான 24 பருவங்களில் ஃபில் பெங்ட்சன், டான் டிவைன், பார்ட் ஸ்டார், ஃபாரஸ்ட் கிரெக், லிண்டி இன்ஃபான்டே என ஐந்து பேர் அந்தப் பொறுப்பில் அமர்ந்தார்கள். பட்டத்துக்கான இறுதிச் சுற்றான பிளே-ஆஃபுக்கு அணி நுழைந்ததோ 1972, 1982 ஆகிய இரண்டே ஆண்டுகளில்.

இதற்கு வழக்கமாகச் சொல்லப்படும் காரணம், லொம்பார்டிக்கு நிகரான ஒருவர் கிடைக்கவில்லை என்பதுதான். நான் இதை ஏற்கவில்லை. லொம்பார்டிக்கு நிகரானவர் வேறு எந்த அணிக்கும் கிடைக்கவில்லை. ஆனாலும் அவை 24 ஆண்டுகள் தூங்கிவிடவில்லை. என் வாதம் வேறு. லொம்பார்டி தலைமைப் பயிற்சியாளராகவும், ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுத்துச் சேர்க்கும் பொது மேலாளராகவும் ஒரே நேரத்தில் இருந்தார். அவர் போன பிறகு, அவரிடம் இருந்த இரட்டைப் பொறுப்பை அப்படியே அடுத்தவர்களின் தலையில் ஏற்றினார்கள். பெங்ட்சன் 1969 முதல் இரண்டையும் சுமந்தார். டிவைன் வந்த நாளிலிருந்தே சுமந்தார். ஸ்டார் 1980 வரை சுமந்தார். அணி மூழ்கியதற்கு அந்தச் சுமைதான் முதற்காரணம் என்பது என் கருத்து.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். பேக்கர்ஸுக்கு முதலாளி என்று ஒருவர் கிடையாது. சுமார் ஒரு லட்சம் பேர் வாழும் ஊரில், பொதுமக்கள் வாங்கிய பங்குகளால் நிற்கும் அணி அது. அந்தப் பங்குகளுக்கு ஈவுத்தொகை கிடையாது. மற்ற அணிகளில் பயிற்சியாளருக்கு மேலே ஒரு செல்வந்தர் இருப்பார். இங்கே இருந்தது ஊர்ப் பெரியவர்கள் அடங்கிய செயற்குழு. ஆகவே ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுப்பது யார், களத்தில் நடத்துவது யார், இருவருக்கும் மேலே கேள்வி கேட்பது யார் என்பதெல்லாம் இந்த அணிக்கு வேறெந்த அணியைக் காட்டிலும் முக்கியமான கேள்விகள்.

தொடக்கமும் இரட்டைப் பொறுப்பில்தான் இருந்தது. கர்லி லாம்போ கிரீன் பேயிலேயே பிறந்து வளர்ந்தவர். நோட்டர் டேம் பல்கலைக்கழகத்தில் நூட் ராக்னியின் கீழ் ஒரு பருவம் ஆடிவிட்டு, உடல்நலக் குறைவால் ஊர் திரும்பி, இந்தியன் பேக்கிங் என்ற இறைச்சி அடைப்பு நிறுவனத்தில் வேலைக்குச் சேர்ந்தார். 1919இல் அந்த நிறுவனம் சீருடைக்குப் பணம் கொடுத்ததால்தான் அணிக்கு இந்தப் பெயரே வந்தது. 1921இல் அணி லீக்கில் சேர்ந்ததிலிருந்து 1949 வரை 29 பருவங்கள் அவரே பயிற்சியாளர். அவற்றில் முதல் ஒன்பது பருவங்கள் களத்தில் இறங்கி ஆடியவரும் அவரே. 1929, 1930, 1931, 1936, 1939, 1944 என ஆறு பட்டங்கள். எல்லோரும் பந்தைத் தூக்கிக்கொண்டு ஓடுவதையே ஆட்டம் என்று எண்ணிய காலத்தில், அதை முன்னோக்கி எறிந்து ஆடுவதில் நம்பிக்கை வைத்தவர் அவர். 1935இல் அவர் அழைத்து வந்த டான் ஹட்சன், எறியப்பட்ட பந்தைப் பிடித்து 99 டச்டவுன்கள் (எதிரணியின் கடைசிக் கோட்டைப் பந்தோடு கடப்பது; ஆறு புள்ளிகள்) எடுத்தார். அந்த எண்ணிக்கையை ஒருவர் தாண்டுவதற்கு 1989 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

1945இல் ஹட்சன் ஓய்வு பெற்றார். 1949இல் லாம்போவின் அணி 12 ஆட்டங்களில் 10இல் தோற்றது. இரண்டு பொறுப்புகளும் ஒருவரிடமே இருந்தால், அவர் தளரும்போது இரண்டும் சேர்ந்தே தளரும். அதை இந்த ஊர் 1949இலேயே பார்த்துவிட்டது. பார்த்தும் ஏன் மறந்தது என்பதே என் ஆதங்கம்.

பழைய ஏடு எழுதியது:

பனிவயல் அவர்களே, லாம்போவின் வீழ்ச்சியில் நீங்கள் தொடாமல் விட்ட ஒரு பகுதி உண்டு. 1946இல் அவர் ஊருக்கு வடக்கே ராக்வுட் லாட்ஜ் என்ற மாளிகையை அணிக்காக வாங்க வைத்து, ஆட்டக்காரர்களை அங்கேயே தங்க வைத்துப் பயிற்சி கொடுத்தார். தரைக்கு அடியில் பாறை. ஓடிப் பழகியவர்களின் கால்கள் நொந்தன. போட்டி லீக் ஒன்று ஆட்டக்காரர்களின் சம்பளத்தை ஏற்றிவிட்டிருந்த நேரத்தில் இந்தச் செலவு செயற்குழுவினரை முகம் சுளிக்க வைத்தது. 1950 ஜனவரி 24 அன்று அந்த மாளிகை எரிந்து சாம்பலானது. சில நாள்களிலேயே லாம்போ விலகி, சிகாகோ கார்டினல்ஸ் அணிக்குப் போய்விட்டார். அணியைக் காப்பாற்ற அந்த ஆண்டு மீண்டும் பங்குகளை விற்று ஒரு லட்சம் டாலருக்கு மேல் திரட்டினார்கள்.

அடுத்த ஒன்பது ஆண்டுகள் உங்கள் வாதத்துக்கு நேர் எதிர்த்திசையில் பேசுகின்றன. லாம்போவிடம் சூடுபட்ட செயற்குழு, எந்தப் பயிற்சியாளருக்கும் முழு அதிகாரம் கொடுக்கக் கூடாது என்று முடிவெடுத்தது. ஜீன் ரொன்சானி, லைல் பிளாக்பர்ன், ரே மெக்லேன் ஆகிய மூவரும் குழுவினரின் தலையீட்டுக்கு இடையில்தான் வேலை செய்தார்கள். ரொன்சானி 1953இல் இரண்டு ஆட்டங்கள் மீதமிருக்கும்போதே வெளியேற நேர்ந்தது. 1958இல் மெக்லேன் தலைமையில் ஒரு வெற்றி, பத்துத் தோல்வி, ஒரு சமன். பால்டிமோரில் 56-0 என்று தோற்றதும் அந்த ஆண்டுதான். மெக்லேன் நல்ல மனிதர். ஆட்டக்காரர்கள் அவரை நேசித்தார்கள். ஆனால் அவர் சொல்லுக்குக் களத்திலும் மதிப்பில்லை, அலுவலகத்திலும் மதிப்பில்லை.

எனவே அதிகாரத்தைப் பங்கு போட்டால் சரியாகிவிடும் என்பது பொதுவிதி ஆகாது. 1950களில் அதைப் பங்கு போட்டுத்தான் கெடுத்தார்கள்.

எண்சுவடி எழுதியது:

பழைய ஏடு சொன்னதோடு ஒன்றைச் சேர்க்கிறேன். ஒரே ஒரு ஆட்டத்தில் வென்ற அந்த 1958ஆம் ஆண்டு அணியில் பார்ட் ஸ்டார், பால் ஹார்னங், ஜிம் டெய்லர், ரே நிட்ச்கி, ஃபாரஸ்ட் கிரெக், ஜிம் ரிங்கோ, ஜெர்ரி கிரேமர் ஆகிய ஏழு பேர் இருந்தார்கள். ஏழு பேரும் பின்னாளில், தலைசிறந்த ஆட்டக்காரர்களைக் கௌரவிக்கும் புகழ்க்கூடத்தில் இடம்பெற்றவர்கள். இவர்களில் பெரும்பாலோரைக் கண்டெடுத்தவர் ஜாக் வைனிசி என்ற இளம் தேர்வாளர். 1960இல், 33 வயதில் அவர் இறந்துவிட்டார். தாம் பொறுக்கியவர்கள் வென்ற முதல் பட்டத்தைப் பார்க்க அவருக்குக் கொடுத்து வைக்கவில்லை. இதை எத்தனை முறை படித்தாலும் எனக்கு மனம் கனக்கிறது.

ஆக, மோசமான பயிற்சியாளரின் கையில் நல்ல ஆட்டக்காரர்கள் இருந்தார்கள். அப்படியென்றால் பனிவயலின் ‘ஒரே ஆளுக்கு இரண்டு நாற்காலி’ வாதத்தைவிட எளிமையான விளக்கம் ஒன்று இருக்கிறது: பயிற்சி கொடுக்கத் தெரிந்தவர் வந்தார், அணி வென்றது, அவர் போனார், அணி தோற்றது.

லொம்பார்டி 1959 தொடக்கத்தில் வரும்போது அவருக்கு வயது 45. நியூ ஜெர்சியில் ஒரு கத்தோலிக்க உயர்நிலைப் பள்ளியில் எட்டு ஆண்டுகள் பயிற்சியாளராக இருந்து, இயற்பியலும் வேதியியலும் லத்தீனும் கற்றுக்கொடுத்தவர். பின்னர் ராணுவக் கல்லூரி அணியில் ரெட் பிளெய்க்கிடமும், அதன் பிறகு நியூ யார்க் ஜயண்ட்ஸிலும் உதவியாளர். அவர் கொண்டுவந்த ஆட்டத்தில் புதுமை அதிகம் இல்லை. ‘ஸ்வீப்’ என்ற ஒரே ஓட்டத்தை அவர் எப்படிச் சொல்லிக்கொடுத்தார் என்று பார்த்தாலே போதும். பந்து கிளம்பியதும் வரிசையின் நடுவிலிருக்கும் ‘கார்டு’ ஆட்டக்காரர்கள் இருவர், கிரேமரும் ஃபஸி தர்ஸ்டனும், தங்கள் இடத்தை விட்டுப் பின்வாங்கி, பக்கவாட்டில் ஓடி, பந்தைச் சுமப்பவருக்கு முன்னால் வழி திறப்பார்கள். ஓரத்தில் நிற்கும் டைட் எண்ட், எதிரே உள்ள தடுப்பாட்டக்காரரை (லைன்பேக்கர்) எந்தப் பக்கம் தள்ள வேண்டும் என்று முன்கூட்டியே முடிவு செய்வதில்லை. அந்த ஆள் உள்ளே போக விரும்பினால் உள்ளே தள்ளு, வெளியே போக விரும்பினால் வெளியே தள்ளு. பின்னால் வருபவர் அதைப் பார்த்துத் திறந்த பக்கம் திரும்புவார். எதிரணிக்கு இந்த ஓட்டம் வரப்போகிறது என்று தெரியும். தெரிந்தும் தடுக்க முடியவில்லை. ஏனென்றால் எதிரி எதைச் செய்தாலும் அதற்கு ஒரு பதில் அதற்குள்ளேயே இருந்தது. ஒரு பாடத்தை வகுப்பில் கடைசி மாணவனுக்கும் புரியும் வரை நடத்துகிற ஆசிரியரின் முறை இது.

வழக்கமான பருவ ஆட்டங்களில் 89 வெற்றி, 29 தோல்வி, 4 சமன். பட்டத்துக்கான சுற்றுகளில் 10 ஆட்டங்களில் 9 வெற்றி. தோற்ற ஒன்று 1960இல் ஃபிலடெல்ஃபியாவிடம். இரண்டு பொறுப்புகளையும் ஒருவரே வைத்திருந்த காலத்தின் கணக்கு இது. இதை வைத்துக்கொண்டு இரட்டைப் பொறுப்புதான் கேடு என்று எப்படிச் சொல்வீர்கள்?

பனிவயல் எழுதியது:

எண்சுவடி அவர்களின் கேள்வி நியாயமானது. லொம்பார்டி பொது மேலாளராகவும் திறமையானவர் என்பதை நான் மறுக்கவில்லை. கிளீவ்லாந்திலிருந்து ஹென்றி ஜோர்டானையும் வில்லி டேவிஸையும் வாங்கியது அவர்தான். எந்த அணியும் தேர்வு செய்யாத வில்லி உட்டைச் சேர்த்ததும் அவர்தான். இன்னொன்றையும் நானே உங்கள் பக்கம் தூக்கிக் கொடுக்கிறேன். கறுப்பின ஆட்டக்காரர்களை மறுக்கும் கடையோ விடுதியோ ஊரில் இருந்தால் அணியில் ஒருவரும் அதன் வாசலை மிதிக்கக் கூடாது என்று அவரால் உத்தரவிட முடிந்தது. ஆளைச் சேர்ப்பதும் அவர், அணியை நடத்துவதும் அவர் என்றிருந்ததால்தான் அந்த உத்தரவுக்கு ஊரில் எடை இருந்தது.

ஆனால் 1960களில் ஒருவர் செய்துகாட்டியதை 1970களில் இன்னொருவரிடம் எதிர்பார்த்தது தவறு. லொம்பார்டியே 1968இல் பொது மேலாளர் பதவியை மட்டும் வைத்துக்கொண்டு, மேலே இருந்த அறையிலிருந்து ஆட்டத்தைப் பார்த்துத் தவித்தார். அடுத்த ஆண்டே வாஷிங்டனுக்குப் பயிற்சியாளராகப் போய்விட்டார். 1970 செப்டம்பரில் புற்றுநோயால் இறந்தார். கீழே களத்தில் நின்ற பெங்ட்சன் அவருடைய தடுப்பாட்டத்தைப் பல ஆண்டுகள் கட்டியெழுப்பிய கைகாரர். ஆனால் அவரிடம் ஒப்படைக்கப்பட்டது வயதாகிவிட்ட அணி. 1968இல் ஒழுங்காக ஃபீல்டு கோல் (கம்பங்களுக்கு நடுவே பந்தை உதைத்து எடுக்கும் மூன்று புள்ளிகள்) உதைக்கக்கூட ஆளில்லாமல் திண்டாடினார்கள். மூன்று ஆண்டுகளில் 20 வெற்றி, 21 தோல்வி, 1 சமன்.

இனி டிவைன். மிசூரிப் பல்கலைக்கழகத்தில் பெயர் பெற்றவர். முதல் ஆட்டத்திலேயே எல்லைக் கோட்டருகில் நின்றபோது ஆட்டக்காரர்கள் வந்து மோதி அவர் கால் முறிந்தது. 1972இல் 10 வெற்றிகளுடன், லீக்கில் அணி இருந்த பிரிவை வென்றார். பிறகு 1974 அக்டோபரில் அவர் செய்த காரியத்துக்கு வருகிறேன். பந்தை எறிந்து தாக்குதலை நடத்தும் குவார்ட்டர்பேக் இல்லாமல் பருவம் கைநழுவிக்கொண்டிருந்தது. லாஸ் ஏஞ்சலஸ் ராம்ஸிடமிருந்து 34 வயது ஜான் ஹேடிலை வாங்கினார். கொடுத்த விலை: அடுத்த இரண்டு டிராஃப்டுகளில் (கல்லூரி ஆட்டக்காரர்களை அணிகள் முறைவைத்துத் தேர்ந்தெடுக்கும் ஆண்டு நிகழ்வு) இரண்டு முதல் சுற்றுத் தேர்வுகள், இரண்டு இரண்டாம் சுற்றுத் தேர்வுகள், ஒரு மூன்றாம் சுற்றுத் தேர்வு. வயதான ஒருவருக்காக ஐந்து இளைஞர்களை எழுதிக் கொடுத்துவிட்டார். அந்தப் பருவம் முடிந்ததும் அவர் நோட்டர் டேமுக்குப் போய்ச் சேர்ந்தார். 1977இல் அங்கே தேசியப் பட்டமும் வென்றார். அவர் வாங்கிய கடனை அடைக்க வேண்டியவர் பார்ட் ஸ்டார்.

ஒரு பயிற்சியாளர் அடுத்த ஞாயிற்றுக்கிழமையை நினைத்துத்தான் வாழ முடியும். அதுவே அவர் வேலை. ஐந்து ஆண்டுக்குப் பிறகு யார் ஆடுவார் என்று கவலைப்படும் இன்னொருவர் அடுத்த அறையில் உட்கார்ந்து ‘முடியாது’ என்று சொல்லியிருந்தால், அந்த ஒப்பந்தம் நடந்திருக்காது. அன்று ‘முடியாது’ என்று சொல்ல வேண்டிய பொது மேலாளரும் டிவைன்தான்.

வடகரை வாசகி எழுதியது:

பார்ட் ஸ்டாரைப் பற்றி எழுத நான் இந்த இழைக்குள் வந்தேன். 24 ஆண்டுகள் வீணாயின என்று சொல்லும்போது அதில் ஒன்பது ஆண்டுகள் அவருடையவை. அந்தக் கணக்கில் அவரைச் சேர்க்க எனக்கு மனம் வரவில்லை.

1967 டிசம்பர் 31ஐ நினைத்துப் பாருங்கள். டல்லஸுடன் பட்டத்துக்கான ஆட்டம். ஸ்டார் அப்போது பேக்கர்ஸின் குவார்ட்டர்பேக். ஆட்டம் தொடங்கும்போது வெப்பநிலை உறைநிலைக்குக் கீழே 25 டிகிரி செல்சியஸ். தரை உறையாமலிருக்க லொம்பார்டி புல்லுக்கு அடியில் போட்டு வைத்த மின்கம்பிகள் கைவிட்டுவிட்டன. ஊதல் உலோகம் உதட்டில் ஒட்டியதால் நடுவர்கள் வாயால் கத்தித்தான் ஆட்டத்தை நிறுத்தினார்கள். 17-14 எனப் பின்தங்கியிருந்த பேக்கர்ஸ், ஐந்து நிமிடத்துக்கும் குறைவான நேரத்தில் 68 யார்டு கடந்து எதிரணியின் கடைசிக் கோட்டருகில் வந்து நின்றது. இரண்டு முறை பந்தைச் சுமந்த ஹாஃப்பேக் சறுக்கி நின்றுவிட்டார். 16 விநாடிகள் மீதம். நேர நிறுத்தம் இனி இல்லை. எல்லைக் கோட்டுக்கு வந்து ஸ்டார் லொம்பார்டியிடம் பேசினார்: மற்றவர்களுக்குக் கால் வழுக்குகிறது, நானே பந்தை வைத்துக்கொண்டு நுழைந்துவிடுகிறேன் என்றார். ஃபீல்டு கோல் உதைத்துச் சமன் செய்யலாம் என்ற பேச்சே எழவில்லை. கூடி நின்றபோது ஸ்டார் சொன்னது ஃபுல்பேக் பந்தைச் சுமக்கும் ஆட்டத்தை. தாமே வைத்துக்கொள்ளப் போவதை மற்ற யாரிடமும் சொல்லவில்லை. கிரேமருக்குப் பின்னால் நுழைந்து விழுந்தார். 21-17.

அப்படிப்பட்டவரை 1974 கிறிஸ்துமஸுக்கு முதல் நாள் தலைமைப் பயிற்சியாளராகவும் பொது மேலாளராகவும் நியமித்தார்கள். அதற்கு முன் அவருக்கு இருந்த அனுபவம், 1972இல் டிவைனின் கீழ் ஒரே ஒரு பருவம் உதவியாளராக இருந்தது மட்டும். டிராஃப்டில் தேர்வு செய்யத் தேர்வுகள் இல்லை. ஹேடிலோடு இன்னும் சில தேர்வுகளைச் சேர்த்துக் கொடுத்துத்தான் ஹூஸ்டனிலிருந்து லின் டிக்கியை வாங்க முடிந்தது. ஒன்பது ஆண்டுகளில் 52 வெற்றி, 76 தோல்வி, 3 சமன். ஆனால் மெல்ல மெல்ல அணி நிமிர்ந்தது. 1980க்குப் பிறகு அவரிடமிருந்து பொது மேலாளர் பொறுப்பை எடுத்துக்கொண்டார்கள். 1981இல் 8-8 (எட்டு வெற்றி, எட்டுத் தோல்வி), வேலைநிறுத்தத்தால் குறுகிய 1982 பருவத்தில் பிளே-ஆஃப், 1983இல் மீண்டும் 8-8. 1983 அக்டோபரில் வாஷிங்டனை 48-47 என்று வென்ற திங்கட்கிழமை இரவு ஆட்டத்தைப் பார்த்தவர்கள், அந்த அணி தூங்கிக்கொண்டிருந்தது என்று சொல்லமாட்டார்கள். அந்தப் பருவத்தின் கடைசி ஆட்டத்தில் சிகாகோவிடம் 23-21 என்று தோற்ற மறுநாளே அவரை நீக்கினார்கள்.

பனிவயல் அவர்களே, உங்கள் வாதத்துக்கு இதைவிட நல்ல சான்று இருக்க முடியாது. ஒரு பொறுப்பை இறக்கி வைத்த பிறகுதான் ஸ்டார் பயிற்சியாளராக வளர்ந்தார். வேலை கற்றுக்கொள்ள வேண்டிய ஆண்டுகளில் இரண்டு வேலைகளைக் கொடுத்துவிட்டு, வேலை தெரிந்த பிறகு வெளியே அனுப்பினார்கள்.

எண்சுவடி எழுதியது:

வாசகி அவர்களின் பதிவைப் படித்த பிறகு ஸ்டார் விஷயத்தில் என் நிலையைத் தளர்த்திக்கொள்கிறேன். ஆனால் 1984க்குப் பிறகு நடந்ததைப் பனிவயல் எப்படி விளக்குவார்?

கிரெக் ஏற்கெனவே சின்சினாட்டியை லீக்கின் இறுதி ஆட்டமான சூப்பர் பவுல் வரை கொண்டுபோனவர். இங்கே நான்கு ஆண்டுகளில் 25-37-1. இன்ஃபான்டே காலத்தில் ஆட்டக்காரர் தேர்வு டாம் பிராட்ஸ் என்ற தனி அதிகாரியிடம் இருந்தது. இரண்டு நாற்காலிகள், இரண்டு ஆள்கள். விளைவு? 1989 டிராஃப்டில் இரண்டாவது இடத்தில் டோனி மான்டரிச்சைத் தேர்ந்தெடுத்தார்கள். அவருக்கு அடுத்த மூன்று இடங்களில் போனவர்கள் பேரி சாண்டர்ஸ், டெரிக் தாமஸ், டியான் சாண்டர்ஸ். மூவரும் இன்று புகழ்க்கூடத்தில் இருக்கிறார்கள். அதே ஆண்டு இன்ஃபான்டே 10 ஆட்டங்களில் வென்றார் என்பதே வியப்பு. 1991இல் 4-12 என்று முடித்து அவரும் போனார். பொறுப்பைப் பிரித்துவிட்டீர்கள், பிறகு ஏன் தோற்றீர்கள்?

பழைய ஏடு எழுதியது:

இதற்குப் பதில் 1991 நவம்பரில் இருக்கிறது. அணி நிர்வாகத்தின் தலைவர் பாப் ஹார்லன், பருவம் முடியக்கூடக் காத்திராமல் ரான் உல்ஃபைப் பொது மேலாளராகக் கொண்டுவந்தார். கால்பந்து சார்ந்த எல்லா முடிவுகளும் அவருடையவை, செயற்குழு தலையிடாது என்ற உறுதியோடு கொண்டுவந்தார். பயிற்சியாளரை வைப்பதும் நீக்குவதும் அவர் கையில். இன்ஃபான்டேவை நீக்கியது அவர். சான் ஃபிரான்சிஸ்கோவின் தாக்குதல் ஆட்டத்தை நடத்திக்கொண்டிருந்த மைக் ஹோம்கிரெனைக் கொண்டுவந்ததும் அவர். அட்லான்டாவில் உட்கார்ந்திருந்த குவார்ட்டர்பேக் பிரெட் ஃபார்வுக்காக ஒரு முதல் சுற்றுத் தேர்வையே கொடுத்தார். முந்தைய ஆண்டு நியூ யார்க் ஜெட்ஸில் இருந்தபோதே உல்ஃபுக்கு ஃபார்வ் மீது கண். டிராஃப்டில் அட்லான்டா ஜெட்ஸுக்கு ஒரே ஒரு இடம் முன்னால் அவரை எடுத்துக்கொண்டுவிட்டது.

ஆக, பொறுப்பைப் பிரித்தது மட்டும் போதவில்லை. பிரித்த இரண்டு பொறுப்புகளுக்கும் மேலே இருந்த குழு தன் கையைக் கட்டிக்கொள்ள வேண்டியிருந்தது.

ஹோம்கிரென் உயர்நிலைப் பள்ளியில் வரலாறு நடத்தியவர். மீண்டும் ஒரு ஆசிரியர். கட்டுக்கடங்காமல் பந்தை எறிந்த ஃபார்வை அவர் பொறுமையாகவும் கண்டிப்பாகவும் செதுக்கினார். அவருடைய முதல் உதவியாளர் குழுவில் ஆண்டி ரீட், ஜான் குரூடன், ஸ்டீவ் மரியூச்சி, ரே ரோட்ஸ், டிக் ஜொரான் ஆகியோர் இருந்தார்கள். ஐவரும் பின்னாளில் தலைமைப் பயிற்சியாளர்கள் ஆனார்கள். 1997 ஜனவரி 26 அன்று சூப்பர் பவுலில் நியூ இங்கிலாந்தை 35-21 என்று வென்று, லொம்பார்டியின் பெயர் தாங்கிய கோப்பையைக் கிரீன் பேக்குத் திருப்பிக் கொண்டுவந்தார்கள்.

பனிவயல் எழுதியது:

பழைய ஏட்டின் திருத்தத்தை ஏற்றுக்கொள்கிறேன். என் முதல் பதிவில் நாற்காலிகளை மட்டும் எண்ணினேன். நாற்காலிகளுக்கு மேலே நின்றவர்களை எண்ணவில்லை.

ஆனால் ஹோம்கிரெனின் அடுத்த கதையே என் வாதத்தின் எஞ்சிய பாதியைத் தாங்குகிறது. அவர் 1999இல் சியாட்டிலுக்குப் போனதே இரண்டு பொறுப்புகளும் வேண்டும் என்பதற்காகத்தான். அங்கே நான்கு ஆண்டுகள் இரண்டையும் சுமந்தார். 2002 முடிவில் பொது மேலாளர் பொறுப்பு அவரிடமிருந்து எடுக்கப்பட்டது. வெறும் பயிற்சியாளராக நின்ற பிறகு, 2005 பருவத்தில் அந்த அணியைச் சூப்பர் பவுலுக்குக் கொண்டுபோனார். மனிதர் அதே மனிதர்தான்.

இதே வேளையில் கிரீன் பேயில் என்ன நடந்தது? ரே ரோட்ஸ் ஒரே ஆண்டில் 8-8 என்று முடித்து நீக்கப்பட்டார். அடுத்து வந்தவர் மைக் ஷெர்மன். 2001இல் உல்ஃப் ஓய்வு பெற்றதும், அவர் பத்து ஆண்டுகள் காத்து வைத்திருந்த கோட்டை அழித்து, பொது மேலாளர் பொறுப்பையும் ஷெர்மனிடமே கொடுத்தார்கள்! ஹார்லனின் மீது எனக்கு மிகுந்த மதிப்பு உண்டு. ஆனால் இந்த முடிவை என்னால் ஏற்கவே முடியவில்லை. ஷெர்மன் நல்ல பயிற்சியாளர். ஐந்து ஆண்டுகள் தொடர்ந்து தோல்வியைவிட அதிக வெற்றி. ஆட்டக்காரர் தேர்வில்தான் சறுக்கினார். 2004 டிராஃப்டின் மூன்றாம் சுற்றில், பந்தை உதைத்துக் கொடுக்கும் பன்டர் ஒருவருக்காக முன்னேறிப் போய்த் தேர்வைச் செலவிட்டார். 2005 ஜனவரியில் டெட் தாம்சன் பொது மேலாளராக வந்தார். அவருடைய முதல் டிராஃப்டிலேயே, ஃபார்வ் ஆடிக்கொண்டிருக்கும்போதே, 24ஆம் இடத்தில் இன்னொரு குவார்ட்டர்பேக்கான ஆரன் ராட்ஜர்ஸைத் தேர்ந்தெடுத்தார். அந்தப் பருவத்தை 4-12 என்று முடித்த ஒரு பயிற்சியாளர், மூன்று ஆண்டுகள் ஓரத்தில் உட்காரப்போகும் ஓர் இளைஞனுக்குத் தம் முதல் தேர்வைக் கொடுத்திருப்பாரா?

நான்காம் முயற்சி எழுதியது:

இவ்வளவு நேரம் வாசித்துக்கொண்டு மட்டும் இருந்தேன். 1992க்குப் பிறகு வந்த வெற்றிகளுக்கு நிர்வாக ஏற்பாட்டைவிட இரண்டு குவார்ட்டர்பேக்குகள் பெரிய காரணம் இல்லையா? ஃபார்வும் ராட்ஜர்ஸும் சேர்ந்து 30 ஆண்டுகளை நிரப்பிவிட்டார்கள். ஷெர்மனுக்குப் பின் வந்த பயிற்சியாளர் மைக் மெக்கார்த்தியின் 125 வெற்றிகளை எடுத்துக்கொள்ளுங்கள்; லாம்போவின் 209க்கு அடுத்தபடி இந்த அணியின் வரலாற்றில் அதுவே அதிகம். 2010 பருவத்தில் கடைசி இடத்தில் பிளே-ஆஃபுக்குள் நுழைந்து, ஃபிலடெல்ஃபியா, அட்லான்டா, சிகாகோ என மூன்று வெளியூர் ஆட்டங்களையும் வென்று, பிட்ஸ்பர்கை 31-25 என்று வீழ்த்திப் பட்டம் பெற்றது உண்மையிலேயே பெரிய சாதனை. ஆனால் ராட்ஜர்ஸ் இல்லாமல் அது நடந்திருக்குமா?

என் மனக்குறையும் அங்கேதான். 2015 ஜனவரியில் சியாட்டிலில், முதல் கால் பகுதிக்குள் இரண்டு முறை கடைசிக் கோட்டுக்கு ஒரு யார்டு தூரத்தில் நின்றுகொண்டு மெக்கார்த்தி ஃபீல்டு கோல் உதைக்கச் சொன்னார். இடைவேளையில் 16-0 என்று முன்னிலை. முடிவில் கூடுதல் நேரத்தில் 28-22 என்று தோல்வி. ஷெர்மனும் இதற்கு முன் 2004 ஜனவரியில், ஃபிலடெல்ஃபியாவில் 17-14 என்று முன்னிலையில் இருந்தபோது, ஒரு யார்டு தேவைப்பட்ட இடத்தில் பந்தை எதிரணிக்கு உதைத்துக் கொடுத்தார். அந்த அணி நான்காம் முயற்சியில் (பத்து யார்டு கடக்க ஓர் அணிக்குக் கிடைக்கும் கடைசி வாய்ப்பு) 26 யார்டு தேவைப்பட்ட நிலையிலிருந்து மீண்டு வென்றது. இந்த முடிவுகளுக்கும் பொது மேலாளருக்கும் தொடர்பே இல்லை.

பனிவயல் எழுதியது:

தொடர்பு இல்லை என்பது சரி. ஆனால் அந்த இரண்டு குவார்ட்டர்பேக்குகளும் தாமாக வந்து விழவில்லை. ஒருவரைக் கொண்டுவந்தவர் உல்ஃப், மற்றவரைக் கொண்டுவந்தவர் தாம்சன். இருவரும் பயிற்சியாளர் வேலை பார்க்காத பொது மேலாளர்கள்.

எனக்கு இப்போதுள்ள கவலை 2018ஐப் பற்றியது. தாம்சன் விலகியதும், பொது மேலாளரும் பயிற்சியாளரும் தனித்தனியே அணி நிர்வாகத்தின் அப்போதைய தலைவர் மார்க் மர்ஃபியிடம் பதில் சொல்ல வேண்டும் என்று ஏற்பாட்டை மாற்றினார்கள். அந்த ஆண்டு டிசம்பர் 2 அன்று, சொந்த மண்ணில் அரிசோனாவிடம் 20-17 என்று தோற்ற இரவில், மெக்கார்த்தியை நீக்கியவர் பொது மேலாளர் அல்லர், மர்ஃபிதான். அடுத்து 39 வயது மேட் லாஃப்ளூர் வந்தார். முதல் மூன்று பருவங்களில் 39 வெற்றிகள். லீக் வரலாற்றில் எந்தப் பயிற்சியாளரும் தம் முதல் மூன்று பருவங்களில் அவ்வளவு ஆட்டங்களை வென்றதில்லை. எனவே இந்த ஏற்பாடு தவறு என்று அடித்துச் சொல்ல எனக்கு இப்போது சான்று இல்லை. உல்ஃபின் காலத்தில் இருந்த தெளிவு இதில் இல்லை என்று மட்டும் சொல்வேன்.

வடகரை வாசகி எழுதியது:

நான்காம் முயற்சி அவர்கள் தொடங்கிய பட்டியலில் லாஃப்ளூரின் 2021 ஜனவரி 24ஐயும் சேர்க்க வேண்டும். லாம்போ மைதானம்; டாம்பா பேயுடன் சூப்பர் பவுலுக்கு முந்தைய ஆட்டம். 31-23 எனப் பின்தங்கிய நிலையில் எட்டு யார்டு கோட்டில் நான்காம் முயற்சி. இரண்டு நிமிடத்துக்குச் சற்று அதிகமான நேரமே மீதம். அந்தப் பருவத்தின் மிகச் சிறந்த ஆட்டக்காரர் என்ற விருதைப் பெறப்போகும் ராட்ஜர்ஸ் களத்தில் நிற்கிறார். டச்டவுன் கிடைத்தாலும் மேலும் இரண்டு புள்ளிகள் எடுத்தால்தான் சமன் என்பது உண்மை. தடுப்பாட்டம் பந்தைத் திருப்பி வாங்கிக் கொடுக்கும் என்று லாஃப்ளூர் கணக்குப் போட்டதும் அறிவற்ற கணக்கு அன்று.

ஆனாலும் இதே மைதானத்தில், 16 விநாடிகள் இருக்கும்போது, உறைந்த தரையில் நின்று ‘நானே போகிறேன்’ என்ற குவார்ட்டர்பேக்கை லொம்பார்டி நம்பினார். லாஃப்ளூர் ராட்ஜர்ஸை ஓரத்துக்கு அழைத்துவிட்டு ஃபீல்டு கோல் உதைக்கச் சொன்னார். 31-26 ஆனது. அதன் பிறகு பந்து கிரீன் பேயின் கைக்குத் திரும்பவே இல்லை.